கல்லடிக் கரையில் 10×50: பைனாகுலரும் ஆறு அங்குலத் தொலைகாட்டியும் பழகிய அனுபவம்

என்னிடம் இரண்டு கருவிகள் இருக்கின்றன. ஒன்று 10×50 பைனாகுலர்: பத்து மடங்கு பெருக்கம், 50 மி.மீ. வில்லை. மற்றது 150 மி.மீ. (ஆறு அங்குல) ஆடி வைத்த டொப்சோனியன் தொலைகாட்டி, அதாவது அடித்தளத்தில் வைத்துக் கையால் திருப்பும் வகை; குவியத்தூரம் 1200 மி.மீ. இரண்டையும் பல வருடமாக மட்டக்களப்பில் வைத்துப் பாவிக்கிறேன். "எதை வாங்கலாம்?" என்று கேட்பவர்களுக்கு என் பதிலை முதலே சொல்லிவிடுகிறேன். எழுவான்கரையில், அதாவது வாவிக்குக் கிழக்கே கடலோரப் பக்கம், இருப்பவர்கள் பைனாகுலரை வாங்குங்கள். வாவிக்கு மேற்கே படுவான்கரையில் வீடு வளவு உள்ளவர்கள் மட்டும் பெரியதை யோசிக்கலாம்.

காரணம் நம் வானம். நாம் நிலநடுக்கோட்டுக்கு 7.7 பாகை வடக்கே இருக்கிறோம். துருவ நட்சத்திரம் அடிவானத்தோடு ஒட்டித்தான் நிற்கும். தென்வானமோ தாராளமாகத் திறந்து கிடக்கிறது. ஆனால் தொலைகாட்டி வாங்கிய கையோடு எல்லாரும் தேடிப்போவது மெசியே பட்டியலைத்தான். சார்ல்ஸ் மெசியே வால்வெள்ளி தேடியவர். வால்வெள்ளி போலத் தோன்றி ஏமாற்றும் மங்கல் திட்டுகளை, திரும்பவும் ஏமாறாதிருக்கக் குறித்து வைத்தார். அவர் இருந்தது பாரிஸில். அங்கிருந்து பார்த்தால் ஒமேகா சென்டோரி என்ற பெரிய நட்சத்திரக் கொத்து ஒருநாளும் உதிக்காது. அவர் பட்டியலில் ஆகத் தெற்கே உள்ள எம் 7 நட்சத்திரக் கொத்துக்கூட அங்கே ஆறு பாகைக்கு மேல் ஏறாது. நமக்கு அது 47 பாகை உயரத்தில், ஆடி ஆவணி இரவுகளில், தேளின் கொடுக்குக்குப் பக்கத்தில் வெறுங்கண்ணுக்கே தெரியும்.

ஆகவே நான் பிடித்துக்கொண்ட ஆள் வேறு: நிக்கொலா லூயி த லக்காய். இவரும் பிரெஞ்சுக்காரர்தான், ஆனால் தென்னாபிரிக்காவின் நன்னம்பிக்கை முனைக்குக் கப்பலேறி 1751, 1752இல் தென்வானத்தை அளந்தவர். 1755இல் 42 மங்கல் பொருள்களின் பட்டியலை வெளியிட்டார். மூன்று வகை, வகைக்குப் பதினான்கு. அதற்கு அவர் பாவித்த குழாயின் வாய் அரை அங்குலம், பெருக்கம் எட்டு மடங்கு. என் பைனாகுலரின் ஒரு வில்லையே அதைவிடப் பதினைந்து மடங்கு வெளிச்சத்தை வாங்குகிறது. இதை அறிந்த பிறகு கருவி சின்னது என்ற கவலை எனக்குப் போயிற்று.

ஒமேகா சென்டோரியிலிருந்து தொடங்குங்கள். பழங்கால வானியலாளர் தொலமி இதை ஒரு நட்சத்திரம் என்று எழுதிவிட்டுப் போனார். 1677இல் சென் ஹெலனாத் தீவிலிருந்து பார்த்த ஆங்கிலேய வானியலாளர் ஹாலிதான் நட்சத்திரம் அல்ல என்று கண்டார். நம் பால்வெளி மண்டலத்தின் ஆகப் பெரிய கோளக் கொத்து (உருண்டையாகத் திரண்ட நட்சத்திரக் கூட்டம்), ஏறத்தாழ 17,000 ஒளியாண்டு தூரம். வைகாசியில் முன்னிரவிலேயே தெற்கே 35 பாகை உயரத்துக்கு வந்துவிடும். கல்லடிக் கடற்கரையில் நின்றால் தெற்கே காத்தான்குடி வெளிச்சம் வானத்தைக் கொஞ்சம் வெளுப்பாக்கும்; அப்படியிருந்தும் பைனாகுலரில் உருண்டையாக, ஓரம் கரைந்த ஒளியாகத் தெரியும். தொலைகாட்டியில் 10 மி.மீ. கண்வில்லை (கண் வைத்துப் பார்க்கும் வில்லை) போட்டு 120 மடங்கில் பார்த்தால் அது உடைந்து தனித்தனி நட்சத்திரமாகிவிடும். ஒரு தடவை வலை இழுக்கும் பெரியப்பா ஒருவரைக் கூப்பிட்டுக் காட்டினேன். வெகு நேரம் கண்ணை எடுக்கவில்லை. "அரிசிமாவைக் கொட்டினாப்போலக் கிடக்கு மனே. இவ்வளவும் வெள்ளியா?" என்றார். ஆறு அங்குலத்துக்குக் கொடுத்த காசு இந்த ஒரு பொருளுக்கே சரி என்பேன்.

மற்றதெல்லாம் அப்படியல்ல. பெரிய கருவியின் குறை அதன் பார்வைப் பரப்பு. கூட வரும் 25 மி.மீ. கண்வில்லையில் ஒரு பாகை வானம்தான் தெரியும். கார்த்திகைக் கூட்டம் அதற்குள் அடங்காது. மூன்று பாகை நீளமான அந்திரோமேடாப் பேரடையில் நடுப்பகுதி மட்டும் புகையாகத் தெரியும். 964இல் பாரசீக வானியலாளர் அல் சூஃபி 'சிறு முகில்' என்று எழுதியதை முழுதாகப் பார்க்கப் பைனாகுலர்தான் வேண்டும். சித்திரையில் தெற்கே வரும் கரீனா விண்முகிலும் (வாயுவும் தூசும் சேர்ந்த மேகம்) அப்படித்தான். அகலமாகப் பரந்த சாமான். பைனாகுலரில் சுற்றியுள்ள கொத்துகளோடு சேர்ந்து ஒரே காட்சியாக வரும், தொலைகாட்டியில் துண்டுதுண்டாகத்தான் மேயவேண்டும். 1843இல் வானத்தின் இரண்டாவது பிரகாசமான நட்சத்திரமாகப் பொங்கிய ஈட்டா கரீனா அதற்குள்தான் இருக்கிறது.

இன்னொரு தொல்லை: ஒரையன் விண்முகில் நமக்குக் கிட்டத்தட்ட உச்சந்தலைக்கு மேலே போகும். நேர் மேலே பார்க்க டொப்சோனியனைத் திருப்புவது கழுத்துக்கும் பொறுமைக்கும் சோதனை. ஏறும்போதோ இறங்கும்போதோ பாருங்கள். நிறம் எதிர்பார்க்க வேண்டாம். படங்களில் உள்ள சிவப்பு கமராவுக்குத்தான், நம் கண்ணுக்குச் சாம்பல்தான் கிடைக்கும்.

பேரடைகள், அதாவது நம் பால்வெளி போன்ற வேறு நட்சத்திர மண்டலங்கள், தேவை என்றால் வண்டி கட்டத்தான் வேண்டும். மண்முனைப் பாலம் தாண்டிக் கொக்கட்டிச்சோலைப் பக்கம் வயல்வெளியில் நின்றால் வானம் வேறு. லக்காய் 1752இல் கண்ட எம் 83 அங்கே பைனாகுலரிலேயே மங்கலாக அகப்படும், 15 மில்லியன் ஒளியாண்டுத் தூரத்திலிருந்து. நேராகப் பார்க்காமல் கொஞ்சம் பக்கவாட்டாகப் பார்க்கவேண்டும். ஒமேகாவுக்கு நாலரைப் பாகை வடக்கே சென்டோரஸ் ஏ; 1826இல் அவுஸ்திரேலியாவின் பரமற்றாவிலிருந்து ஜேம்ஸ் டன்லொப் கண்டது. அதன் நடுவே ஓடும் கரும்பட்டியை ஆறு அங்குலத்தில் பிடிக்கலாம், கண்ணுக்கு அரைமணி இருட்டுப் பழக்கம் கொடுத்திருந்தால். ரோச் லைட்டுக்குச் சிவப்புத் தாள் ஒட்டுங்கள், போனைப் பொக்கெட்டுக்குள் வையுங்கள். யானை வரும் ஊர்களில் ஊராளைக் கேட்காமல் இரவில் வயலுக்குள் இறங்கவேண்டாம். அறுவடை முடிந்து வைக்கோல் கொளுத்தும் நாட்களில் புகை, போனாலும் வீண். பூரணைப் போயா லீவுக்கு வாறோம் என்று கேட்கும் கூட்டாளிமாருக்கு நிலாவைக் காட்டி அனுப்புவேன், வேறென்ன செய்ய?

பராமரிப்பு. நம் ஊரில் எதிரி உப்புக் காற்றும் ஈரமும். பைனாகுலரைச் சிலிக்கா ஜெல் பொட்டலங்களோடு இறுக்கமாக மூடும் பிளாஸ்ரிக் வாளியில் வைக்கிறேன், இதுவரை உள்ளே பங்கசு பிடிக்கவில்லை. தொலைகாட்டியின் அடித்தளம் அமுக்கிய பலகை; வெட்டிய ஓரங்களில் ஈரம் ஏறி ஊதும். வாங்கியவுடனே ஓரமெல்லாம் வார்னிஷ் அடியுங்கள். தொலைகாட்டியின் ஆடியில் உப்புப் படிந்தால் துடைக்கக்கூடாது. காய்ச்சி வடித்த நீரில் ஒரு துளி சோப்புப் போட்டு அலம்பி, சாய்த்துவைத்து உலரவிடவேண்டும். கச்சான் என்னும் தென்மேற்குக் காற்று வீசும் மாதங்களில் குழாய் ஆடும், மதில் மறைவு தேடுங்கள். தை மாசியில் பனி வில்லையில் இறங்கும்.

மேலதிகமாக ஒன்று வாங்குவதென்றால் 32 மி.மீ. கண்வில்லை. 37 மடங்கு வரும், பரப்பும் கூடும்.

லக்காயின் பட்டியலில் முதலாவதாக உள்ள 47 டுக்கானே என்ற கோளக் கொத்தை மட்டும் கல்லடியிலிருந்து இன்னும் ஒழுங்காகப் பார்க்க முடியவில்லை. ஆக உயர்ந்தாலும் பத்துப் பாகைதான், அதுவும் காத்தான்குடி வெளிச்சத்துக்குள். முன்னிரவில் உச்சிக்கு வரும் கார்த்திகை மாதமோ நமக்கு அடைமழை. மழை தொடங்க முன்னர், செப்டெம்பர் கடைசியில், நடுச்சாமத்தில் பார்க்கவேண்டும். தெற்கே குமணக் காடு கிடக்கும் பாணமைப் பக்கம் அதற்குத் தோதான இடம். பைனாகுலர் போதும்.