டைஃபி, டைஃபிமுரியம்: எது அதிக ஆபத்து?

டைஃபாய்டு காய்ச்சலைத் தரும் டைஃபி, வயிற்றுப்போக்கைத் தரும் டைஃபிமுரியம் இரண்டும் சால்மோனெல்லா என்டெரிகா என்ற ஒரே பாக்டீரியா இனத்தைச் சேர்ந்தவை. குடல் சுவரை அடைந்ததும் இரண்டுமே ஊசி போன்ற நுண்கருவியால் தம் புரதங்களைச் செல்லுக்குள் செலுத்துகின்றன; செல்லின் சவ்வு மடிந்தெழுந்து கிருமியை உள்ளே இழுத்துக்கொள்கிறது. பிறகுதான் வழி பிரிகிறது.

டைஃபிமுரியம் அரைவேக்காட்டு முட்டை, கோழிக்கறி வழியே வரும். பெரும்பாலும் 6 முதல் 72 மணி நேரத்துக்குள் வயிற்றுப்போக்கும் காய்ச்சலும் தொடங்கும். குடலில் அது மூட்டிவிடும் அழற்சியே அதற்கு ஆதாயம் என்பதுதான் வியப்பு! அப்போது உருவாகும் டெட்ராதயோனேட் என்ற கந்தகச் சேர்மத்தை, ஆக்சிஜனுக்குப் பதிலாகச் சுவாசத்துக்குப் பயன்படுத்தி, மற்ற குடல் பாக்டீரியாக்களை முந்திப் பெருகுகிறது. ஆரோக்கியமானவர்களுக்குச் சில நாட்களில் குணமாகிவிடும். ஆப்பிரிக்காவில் சத்துக்குறைவான குழந்தைகளின் ரத்தத்தில் இது புகுந்தால் உயிருக்கே ஆபத்து.

டைஃபி மனிதரை மட்டுமே தாக்கும். 'விஐ' என்ற சர்க்கரை உறை அதை நோயெதிர்ப்பு அமைப்பின் கண்ணில் படாமல் மறைக்கிறது. கிருமியை விழுங்கி அழிக்க வேண்டிய மேக்ரோஃபேஜ் என்ற நோயெதிர்ப்புச் செல்லுக்குள்ளேயே குடியேறி, கல்லீரல், மண்ணீரல், எலும்பு மஜ்ஜை வரை பரவுகிறது. காய்ச்சல் தெரியவே ஓரிரு வாரங்கள் ஆகலாம். குணமான பிறகும் சிலரது பித்தப்பையில் ஆண்டுக்கணக்கில் தங்கி, மலத்தின் வழியே பிறருக்குப் பரவும்.

என் கணிப்பில் டைஃபியே கொடியது. ஆனாலும் அந்த விஐ உறையைக் கொண்டே அதற்குத் தடுப்பூசி தயாராகிவிட்டது. டைஃபிமுரியத்துக்கு எதிராக மனிதர்களுக்கான தடுப்பூசி இன்னும் புழக்கத்துக்கு வரவில்லை.