நடுகல் மைப்படிப் பெட்டி: எழுத்துக்குச் சரி, அம்புக்குப் போதாது

தருமபுரியில் ஒரு ஸ்டேஷனரிக் கடை சில மாதங்களாக "நடுகல் மைப்படிப் பெட்டி" என்று ஒன்றை விற்கிறது. இறந்த வீரனுக்கு நட்ட நினைவுக்கல் நடுகல்; அதன்மேல் தாள் ஒட்டி, மை ஒற்றி எடுக்கும் நகல் மைப்படி. விலை 1,850 ரூபாய். பள்ளித் தொன்மை மன்றங்களும், ஞாயிற்றுக்கிழமை கல்வெட்டுத் தேடிப் போகும் குழுக்களும் வாங்குகிறார்கள். பெட்டியின் மேல் "பழங்காலப் போர்வீரனின் போர்க்களத்தை உங்கள் வீட்டுச் சுவருக்குக் கொண்டு வாருங்கள்" என்று அச்சிட்டிருக்கிறார்கள். அதில் பாதிதான் உண்மை. எந்தப் பாதி என்பதுதான் வாங்குமுன் தெரிய வேண்டியது.

உள்ளே இருப்பவை: கையால் செய்த மெத்துத் தாள் 20 (22க்கு 30 அங்குலம்), தாளைக் கல்லில் அடித்து ஒட்ட நீள மயிர் அடிபிரஷ் ஒன்று, தென்னை நார் பிரஷ் ஒன்று, கம்பி பிரஷ் ஒன்று, மைத்தூள் 100 கிராம், கோந்துத்தூள் 50 கிராம், துணியில் கட்டிய மைப்பொதி இரண்டு, தண்ணீர் தெளிக்கும் பாட்டில், வட்டெழுத்து (பழைய தமிழ் எழுத்துமுறை) அட்டவணை, எட்டுப் பக்கக் கையேடு.

கம்பி பிரஷைப் பெட்டியிலிருந்து முதலில் எடுத்துவிடுங்கள். கதவு கேட்டில் துரு சுரண்ட உதவும். 1,400 ஆண்டு வெயில் மழையில் நின்ற பலகைக்கல்லில் எழுத்தின் ஆழம் சில இடங்களில் நகக்கீறல் அளவுதான். கம்பி பட்டால் பாசியோடு எழுத்தின் விளிம்பும் போகும். கூடவே எழுத்தே இல்லாத இடத்தில் புதுக் கீறல் விழும். அடுத்து வருகிறவர் அதைக் 'கால்' என்றோ 'கொம்பு' என்றோ படிப்பார். பாசிக்குத் தண்ணீரை நன்றாகத் தெளித்துப் பத்து நிமிடம் ஊறவிட்டு, தென்னை நார் பிரஷால் மெதுவாகத் தேய்த்தால் போதும். போகாத பாசியை விட்டுவிடுவதே நல்லது.

தாள்தான் இந்தப் பெட்டியின் பலம். கடையில் கிடைக்கும் 80 ஜிஎஸ்எம் மேப்லித்தோ தாள் நனைந்ததும் கிழியும், பள்ளத்துக்குள் இறங்காது. இந்தத் தாள் இறங்குகிறது; காய்ந்த பிறகும் அந்தப் பள்ளத்தை விடாமல் வைத்திருக்கிறது. 20 தாள் அதிகம் போலத் தெரியும். நடுகல் பலவும் மூன்றடிக்கு மேல் உயரம், ஆகவே ஒரு கல்லுக்கு இரண்டு தாள் ஒட்ட வேண்டிவரும். பழகும்வரை கல்லுக்கு ஒரு தாள் வீணாகும். ஆறு அல்லது ஏழு கல்லுக்குத்தான் கணக்கு வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு தாள் சேருமிடத்தில் இரண்டு அங்குலம் ஒன்றன்மேல் ஒன்று ஏறட்டும். சேர்ப்பு எழுத்து வரியின் நடுவே போகாமல், இரண்டு வரிகளுக்கு இடைப்பட்ட வெளியில் விழ வேண்டும்.

கையேடு சொல்லும் முறை பெரும்பாலும் சரி. இரண்டு இடத்தில் தவறு. அந்த இரண்டும்தான் படியைக் கெடுப்பவை.

ஒன்று, தண்ணீர். "தாளை முழுக்க நனைத்து ஒட்டவும்" என்கிறது. வாளியில் முக்கிய தாள் தூக்கும்போதே கிழியும். கல்லை நனையுங்கள், தாளை உலர்ந்தபடியே வைத்து, மேலிருந்து தெளித்துத் தெளித்து ஒட்டவையுங்கள். பிறகு அடிபிரஷைக் கல்லுக்கு நேர்க்குத்தாகப் பிடித்து நடுவிலிருந்து ஓரம் நோக்கி அடிக்க வேண்டும். இழுத்துத் தேய்க்கக்கூடாது. உள்ளே காற்றுக்குமிழி நின்றால் அந்த இடத்தில் எழுத்து விழாது. கண்ணுக்கு அது கல் சிதைந்த இடம் போலத் தெரியும். கிழிசல் விழுந்தால் பதற வேண்டாம். அதே தாளில் ஒரு துண்டைக் கிள்ளி, நனைத்து மேலே வைத்து அடித்தால் ஒன்றாகிவிடும். கல்லுக்கு இரண்டு லிட்டர் தண்ணீர் தேவை. அதை வீட்டிலிருந்தே கேனில் கொண்டுபோங்கள். இந்தப் பக்கத்து ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர் எப்படிப்பட்டது என்று ஒகேனக்கல் தண்ணீருக்காகக் காத்திருந்த ஊர்க்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை; காய்ந்ததும் கல்லில் வெள்ளை உப்புத்தடம் விட்டுவிடும்.

இரண்டாவது, மை. கையேட்டு அளவுப்படி கரைத்தால் மை நீர்த்துப்போய்ப் பள்ளத்துக்குள் ஓடி எழுத்தை மூடிவிடும். தாளைத் தாண்டிக் கல்லிலும் கறை படியும். அந்தக் கறை எளிதில் போகாது. சாந்துப்பொட்டுப் பதம் வரும்வரை கெட்டியாகக் குழையுங்கள். மையைப் பொதியில் நேரே தோய்க்காமல் ஒரு தகரத்தட்டில் பரப்பி, அதில் பொதியை ஒற்றி, முதல் ஒற்றலைப் பழைய செய்தித்தாளில் போட்டுவிட்டுப் பிறகு கல்லுக்கு வாருங்கள். எப்போது தொடங்குவது? புறங்கையைத் தாளில் வைத்தால் குளிர்ச்சி தெரிய வேண்டும், ஈரம் ஒட்டக்கூடாது. அதற்கு முன்னால் ஒற்றினால் மை பரவும். அதற்குப் பின்னால் என்றால் தாள் கல்லைவிட்டு எழும்பி, ஒற்றும்போது நகர்ந்து, ஒரே எழுத்து இரண்டாகத் தெரியும். தருமபுரி, அரூர்ப் பக்கம் பங்குனி வெயிலில் இருபது நிமிடத்திலேயே இந்தப் பதம் வந்துவிடும். தேன்கனிக்கோட்டை, ஓசூர்ப் பக்கம் மார்கழிக் காலையில் ஒரு மணி நேரமானாலும் வராது. ஆடிக் காற்றில் இந்த வேலையே வேண்டாம்; ஓரம் காய்ந்து சுருண்டு, தாள் பட்டமாகிவிடும்.

மை தாளின் வெளிப்பக்கம் ஏறுவதால் எழுத்து இடவலம் மாறாமல், கறுப்பில் வெள்ளையாக வரும். முழுதும் காய்வதற்கு முன்பே மூலையில் பென்சிலால் ஊர், நாள், கல் பார்க்கும் திசை மூன்றையும் எழுதிவிடுங்கள். நான்கு கல் முடிந்தபின் எது எந்த ஊர் என்று எவருக்கும் நினைவிருக்காது.

இனி, கையேடு ஒரு சொல்கூடச் சொல்லாத விஷயம். தருமபுரி, கிருஷ்ணகிரி ஆகிய இந்த இரண்டு மாவட்டங்களிலும் நடுகற்களில் பல இன்று வேடியப்பன். எண்ணெய், மஞ்சள், குங்குமம் ஏறிய சாமிக்கல். எண்ணெய்ப் படலத்தில் தாள் ஒட்டாது என்பது தொழில்நுட்பச் சிக்கல். சோப்பும் ஆசிடும் கொண்டுபோய்த் தேய்ப்பது அதைவிடப் பெரிய சிக்கல். பூசாரியிடம் கேளுங்கள். அபிஷேக நாளில் அவர்களே கழுவிய பிறகு போனால் பாதி வேலை முடிந்திருக்கும். வேண்டாம் என்றால் வேண்டாம்தான். பாதுகாக்கப்பட்ட சின்னம் என்று பலகை நட்ட இடத்திலும், அருங்காட்சியகக் கல்லிலும் உரிய அரசுத் துறையின் எழுத்து அனுமதி இல்லாமல் தாள் வைக்கக்கூடாது. பட்டா நிலத்துக் கல்லுக்கு நிலக்காரர் சம்மதம் வேண்டும். "எங்கும் எவரும் எடுக்கலாம்" என்று பெட்டியில் போட்டிருப்பதை அழித்துவிடுவது நல்லது.

அட்டவணைக்கு வருவோம். வட்டெழுத்தை நூற்றாண்டு பிரிக்காமல் ஒரே வரிசையில் போட்டிருக்கிறார்கள். மெய்யெழுத்துக்கெல்லாம் புள்ளி வேறு. பல கல்லில் புள்ளி இருக்காது. எகர ஏகாரம், ஒகர ஓகாரம் வேறுபாடும் அங்கே இருக்காது. "பட்டான்" என்பது "படடான" என்று நிற்கும். பகரமும் வகரமும் தேய்ந்த கல்லில் அண்ணன் தம்பி. அட்டவணையை வைத்து எழுத்துக் கூட்டுவதைவிட, வாசகத்தின் சட்டகத்தை மனத்தில் வைத்துக்கொண்டு தேடுவது எளிது. பல்லவர் காலத்துக் கல் என்றால் ஏறத்தாழ இப்படிப் போகும்: கோவிசைய இன்ன பருமற்கு யாண்டு இத்தனையாவது, இன்ன தலைவர் சேவகன் இன்னான், இன்ன ஊர்த் தொறுக்கொண்ட ஞான்று தொறு மீட்டுப் பட்டான் கல். சிங்கவிண்ண பருமன் என்றால் சிம்மவிஷ்ணு. மயீந்திர பருமன் என்றால் மகேந்திரவர்மன். யாண்டு என்பது ஆட்சியாண்டு, ஞான்று என்பது அந்த நேரம், தொறு என்பது மாட்டு மந்தை. 2006-இல் தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் கிடைத்த, இதைவிடப் பல நூற்றாண்டு பழைய தமிழ்ப் பிராமி நடுகல்லில் மந்தை கவர்வதற்கு 'ஆகோள்' என்ற சொல் இருக்கிறது.

கையேட்டின் பெரிய குறை இங்கேதான். எல்லாக் கல்லையும் "பேரரசர்களின் மாபெரும் போர்" என்று எழுதிவைத்திருக்கிறார்கள். மேலே பல்லவன் பெயர் இருப்பதால் கீழே நடந்தது பல்லவன் சாளுக்கியன் சண்டை என்று ஆகிவிடாது. அரசன் பெயர் அங்கே காலம் சொல்லத்தான் வந்திருக்கிறது. கீழே பெரும்பாலும் இருப்பது பக்கத்து வட்டாரத் தலைவனின் ஆட்கள் மந்தையை ஓட்டிப்போனது, இந்த ஊர் ஆட்கள் மறித்தது. ஒரே மொழி பேசி, ஒரே ஆற்றில் மாட்டுக்குத் தண்ணீர் காட்டியவர்கள் அடித்துக்கொண்ட உள்நாட்டுச் சண்டை. பழைய இலக்கணத்தில் மந்தையைக் கவரப் போனது வெட்சி, மீட்கப் போனது கரந்தை. 'தொறுக்கொண்டு' பட்டவனுக்கும் கல் உண்டு, 'தொறு மீட்டு' பட்டவனுக்கும் கல் உண்டு. அந்த ஒரு வினைச்சொல்லைத் தவறாகப் படித்தால் வீரன் எதிர்ப்பக்கம் போய்விடுவான். அதனால் 'தொறு' வரும் வரியை மட்டும் இரண்டு படி எடுங்கள். 20 தாளில் அதற்கு இடமுண்டு.

அதே கையேடு 'பட்டான்' என்பதை "வீர மரணம் எய்தி அமரர் ஆனார்" என்று விரிக்கிறது. பட்டான் என்றால் விழுந்தான், செத்தான். அதற்குமேல் கல் பேசுவதில்லை. இந்தச் சிக்கனத்துக்கு நடுவில் எப்போதாவது ஒரு கல் கூடுதலாக ஒரு வரி சொல்லும்: பக்கத்து திருவண்ணாமலை மாவட்டத்து எடுத்தனூரில், மகேந்திரவர்மனின் 34ஆம் ஆட்சியாண்டுக் கல், கருந்தேவகத்தி என்னும் வீரன் பட்ட பிறகு கோவிவன் என்னும் அவனுடைய நாய் இரண்டு கள்ளரைக் கடித்துக் காத்து நின்றதைச் சொல்கிறது. சண்டை முடிந்த அந்தச் சில நிமிடத்தைப் பதிவுசெய்த கல் அபூர்வம். மற்றதெல்லாம் உருவத்தில்தான் தேட வேண்டும்.

உருவத்தில்தான் இந்தப் பெட்டி தோற்கிறது. "எழுத்தும் உருவமும் ஒரே தாளில்" என்ற வாக்குறுதியை நம்பாதீர்கள். எழுத்து, கல்லுக்குள் இறங்கிய வெட்டு. தாள் உள்ளே போய் வெள்ளையாக நிற்கும். வீரன் புடைத்து நிற்பவன். தாள் அவன் மார்பின்மேல் இழுபட்டு, வாள் விளிம்பிலும் வில்லின் வளைவிலும் கிழியும். தட்டையான புடைப்பு என்றால் உருவரை வரும். ஆனால் உடலில் தைத்த அம்பு, மெல்லிய மேட்டுக்கோடு. மை அந்தக் கோட்டிலும் உடலிலும் ஒன்றாகப் படிந்து அம்பை விழுங்கிவிடும். எத்தனை அம்பு, எங்கே தைத்தது, எந்தப் பக்கமிருந்து வந்தது என்பதுதான் அந்த ஆள் எப்படி விழுந்தான் என்பதற்குக் கல்லில் மிச்சமிருக்கும் சாட்சி. அதைத் தரமுடியாத பெட்டி "போர்க்களத்தைக் கொண்டு வருகிறேன்" என்று சொல்லக்கூடாது.

அதற்குச் செலவில்லாத வழி இருக்கிறது. பொழுது சாய்ந்த பிறகு, அல்லது கறுப்புத் துணியால் நிழல் கட்டி, டார்ச்சைக் கல்லின் முகத்தோடு ஒட்டினாற்போலச் சாய்த்து அடியுங்கள். செல்போனை ஸ்டாண்டில் அசையாமல் வைத்து இடமிருந்து ஒன்று, வலமிருந்து ஒன்று, மேலிருந்து ஒன்று, கீழிருந்து ஒன்று என நான்கு படம். இடப்பக்க ஒளியில் தெரியாத அம்பு மேலொளியில் நிழல் விட்டு நிற்கும். காலருகே சிறிதாகத் தெரியும் கிண்டி, சிமிழ், பின்னால் மாடுகள், இடுப்புக் குறுவாள், முதுகில் அம்பறாத்தூணி எல்லாம் இப்படித்தான் வெளிவரும். சாக்பீஸால் கோடு போட்டுப் படம் எடுப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். கோடு போட்டால் படத்தில் வருவது உங்கள் ஊகம், கல் அல்ல.

ஓர் எச்சரிக்கை. ஒருகால் மடித்து, இடக்கையில் வில்லும் வலக்கையில் வாளும் ஏந்திய நிலை சிற்பிகளின் வழக்கம். ஒரே நிலையில் பல கல் உண்டு. ஆகவே அம்பின் எண்ணிக்கையைப் பிரேதப் பரிசோதனை அறிக்கை மாதிரி எடுத்துக்கொள்ளாதீர்கள். கல் நட்டவர்கள் உயிரோடு திரும்பியவர்களும் உறவினர்களும். ஓடியவன், பயந்தவன், காயத்தோடு பத்து நாள் கிடந்து செத்தவன் ஆகியோரின் கதையை அவர்கள் வெட்டச் சொல்லவில்லை.

கிருஷ்ணகிரி மாவட்டத்துக்காரர்களுக்கு இந்தப் பெட்டி இன்னும் குறைவாகவே பயன்படும். 9, 10ஆம் நூற்றாண்டுகளில் நுளம்பர் என்னும் அரச மரபினர் தகடூரை (இன்றைய தருமபுரி) ஆண்ட காலம் தொடங்கி இந்தப் பக்கம் கன்னட வாசகக் கற்கள் உண்டு. அட்டவணையில் கன்னடம் இல்லை. பிற்கால வீரக்கல் பலவும் மூன்று அடுக்கு: கீழே சண்டை, நடுவில் தேவமகளிர் வீரனைத் தூக்கிச் செல்வது, மேலே சிவலிங்கத்தின் முன் அவன். புடைப்பு ஆழமானது; தாள் தாங்காது. அங்கே டார்ச்சும் கேமராவும்தான். புலிக்குத்திப்பட்டான் கல்லையும், தன் கழுத்தைத் தானே அரியும் நவகண்டக் கல்லையும் சண்டைக் கல் கணக்கில் கையேடு சேர்த்திருப்பதைப் பேனாவால் திருத்திக்கொள்ளுங்கள். வாங்குமுன் கிருஷ்ணகிரி அரசு அருங்காட்சியகத்தில் ஒரு மணி நேரம் செலவழித்து இவற்றின் வேறுபாட்டைக் கண்ணால் பார்த்துவிடுவது நல்லது.

மொத்தமாக வாங்கலாமா என்றால், குழுவாக இருப்பவர்கள் ஒரே ஒரு பெட்டி வாங்கலாம். தாளும் அடிபிரஷும் மட்டும் 1,200 ரூபாய்க்குப் பெறும். மைப்பொதி இரண்டும் மூன்றாவது கல்லிலேயே தையல் விடுகிறது. பழைய வேட்டித்துணியில் பஞ்சு வைத்து நீங்களே கட்டினால் ஒரு வருடம் வரும். தாள் மட்டும் தனியாக வேண்டுமென்றால் கேளுங்கள், கடையில் 20 தாள் கட்டாகத் தருகிறார்கள். பெட்டியில் அதை எங்கும் போடவில்லை.