நாகர்கோவிலில் கார்ல் வாலன்டின் படங்கள், கட்டாயம் போய்ப் பாருங்கள்

வடசேரி பக்கம் ஒரு புத்தகக்கடை மாடியில் ஞாயிறு மாலைகளில் பழைய வெளிநாட்டுப் படங்கள் போடுகிறார்கள். இந்த மாதம் ஜெர்மன் நகைச்சுவைக் கலைஞர் கார்ல் வாலன்டின். டிக்கெட் 50 ரூபாய், சாயாவும் ரசவடையும் அதிலேயே அடக்கம்.

1882-ல் மியூனிக்கில் பிறந்த இந்த மனிதர் தச்சு வேலை படித்தவர். பல வாத்தியங்களை ஒன்றாகப் பூட்டி, ஒரே ஆளாக வாசிக்கிற இயந்திரம் ஒன்றைத் தானே செய்து ஊர் ஊராகக் கொண்டுபோனார், எடுபடவில்லை. அப்புறம் 1911-ல் லீசல் கார்ல்ஸ்டாட் என்ற நடிகையைச் சந்தித்தார், அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் வேறு கதை. நம்ம ஒழுகினசேரி கலைவாணரும் மதுரமும் மாதிரி, ஒருவர் இல்லாமல் இன்னொருவரை நினைக்கவே முடியாத ஜோடி. அந்தம்மா பாதிப் படங்களில் ஆண் வேடம் கட்டுகிறார்!

1933-ல் வந்த இசைக்குழு ஒத்திகைப் படத்தில் அவர்தான் பேண்ட் மாஸ்டர். வாசிக்க வந்த வாலன்டின் போட்டிருக்கும் கண்ணாடியில் வெறும் பிரேம்தான் இருக்கிறது, லென்ஸ் இல்லை. ஏன்யா இதைப் போட்டிருக்கிறாய் என்று மாஸ்டர் கேட்டால், ஒன்றுமே இல்லாததற்கு இது மேல் என்கிறார், முகத்தில் ஒரு சிரிப்பு கிடையாது. ஒட்டடைக்குச்சி உடம்பு, நீள மூக்கு, அந்த நிதானம், பார்த்துக்கொண்டே இருக்கலாம். எங்கள் வரிசையில் இருந்த பாட்டிக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது.

படங்களுக்கு நடுவே ஒலிப்பதிவு ஒன்றும் போட்டார்கள். புத்தகம் பைண்டிங் செய்கிறவர் வேலை முடிந்தது, எங்கே கொண்டுவந்து தரட்டும் என்று ஒரு கம்பெனிக்கு போன் போடுகிறார், ஒவ்வொரு பிரிவாக மாற்றிவிட்டுக்கொண்டே போய், கடைசியில் ஆபீஸ் நேரம் முடிந்தது, நாளைக்குக் கூப்பிடுங்கள் என்கிறார்கள். ஒரு சர்டிபிகேட்டுக்காக அலைந்த யாருக்கும் இதை விளக்கத் தேவையில்லை. இளைஞராக இருந்த ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்ட் வாலன்டினுடைய மேடையில் கிளாரினெட் பிடித்து உட்கார்ந்திருக்கிற புகைப்படத்தையும் காட்டினார்கள். வார்த்தையை அப்படியே அதன் நேர் அர்த்தத்தில் பிடித்துக்கொண்டு விடாமல் இழுக்கிற இந்த விளையாட்டை அந்தக் காலத்தில் இவ்வளவு தூரம் கொண்டுபோனவர்கள் குறைவு என்றுதான் நினைக்கிறேன். 1936-ல் எடுத்த ஒரு படத்தை, வறுமையை ரொம்பக் காட்டுகிறது என்று நாஜி அரசு தடை செய்தது. போர் முடிந்த பிறகும் கஷ்டம்தான், 1948-ல் இறந்துவிட்டார்.

சப்டைட்டில் ஆங்கிலத்தில்தான், அதுவும் வெள்ளைச் சட்டை மேல் வெள்ளை எழுத்தாக வந்து பல இடத்தில் படிக்க முடியவில்லை. ஆனால் நடத்துகிறவர் ஒவ்வொரு படத்துக்கு முன்னாலும் தமிழில் கதையைச் சொல்லிவிடுகிறார், சிரிப்பு வருகிற இடத்தை மட்டும் சொல்லாமல் விட்டு. அதற்கே தனியாக ஒரு பாராட்டு. சின்ன ஹால், நாற்காலி குறைவு, மின்விசிறிக்குக் கீழே இடம் வேண்டுமென்றால் அரைமணி நேரம் முன்னாலேயே போய்விடுங்கள்.