பெயின்ற் பூசிய வோல்பேப்பரில் கொப்புளம்: ஊசியா, கீறலா, முழு உரிப்பா?

பழைய வோல்பேப்பரின் மேல் எமல்சன் (நீர் கலந்த சுவர்ப் பெயின்ற்) பூசிய சுவரில் கொப்புளம் எழுந்தால், மருந்தூசியால் பசை ஏற்றலாம், பிளேட்டால் கீறி ஒட்டலாம், அல்லது கடதாசியை முழுவதாக உரித்துவிடலாம். கொப்புளத்தின் உள்ளே இருப்பது காற்றா, சுவரின் ஈரமா என்பதைப் பொறுத்தே இவற்றுள் ஒன்றைத் தெரிய வேண்டும்.

பூசிய அன்றே எழும் கொப்புளத்தில் கைவைக்க வேண்டாம். நீர் கலந்த பெயின்ற் கடதாசியை நனைத்து விரியச் செய்வதால் அது எழுகிறது. காயும்போது கடதாசி மீண்டும் இறுகுவதால், ஓரிரு நாளில் பல கொப்புளங்கள் தாமாகவே அமர்ந்துவிடும்.

அமராமல் நிற்பது நாணயமளவு என்றால் ஊசியே சிறந்தது. கொப்புளத்தின் ஓரத்தில் துளையிட்டு, வோல்பேப்பர்ப் பசையைச் சிறிதளவு செலுத்தி, எதிர்ப்பக்கத்திலிருந்து துளையை நோக்கி உருளையால் அழுத்தி, வெளிவரும் பசையை ஈரத்துணியால் உடனே துடைத்தால் தழும்பே தெரியாது. வீட்டில் காய்ச்சும் கோதுமை மாப்பசை மாரியில் பூஞ்சணம் பிடிக்கும் என்பதால் அதைத் தவிர்ப்பது நல்லது.

உள்ளங்கையளவு கொப்புளத்துக்கு ஊசி போதாது. பெயின்ற் ஏறிய கடதாசி விறைத்திருப்பதால், வெதுவெதுப்பான ஈரத்துணியை வைத்து இளக்கிய பின்னரே குறுக்கும் நெடுக்குமாகக் கீறி, இதழ்களை விரித்து ஒட்ட வேண்டும். காய்ந்ததும் கீறலை நிரப்பும் ஃபில்லர் இட்டு, அரத்தாளால் தேய்த்து, அடிப்பூச்சான பிரைமரும் பெயின்றும் பூசினாலும், பக்கவாட்டு யன்னல் வெயில் விழும் சுவரில் கீறல் தெரியத்தான் செய்யும். அந்த இடத்துக்கு மட்டும் பூசினால் நிறமும் ஒத்துவராது.

இவ்விரண்டும் சுவர் காய்ந்திருந்தால் மட்டுமே நிலைக்கும். கொக்குவிலில் எங்கள் பழைய கல்வீட்டின் மேற்குச் சுவரில், தரையிலிருந்து முழங்கால் உயரத்தில் எழுந்த கொப்புளத்தை இரண்டு முறை ஒட்டினோம். இரண்டு முறையும் அது திரும்பி வந்தது. மூன்றாம் முறை கார்த்திகை மழைக்கிடையில் கீறிப் பார்த்தபோது, கடதாசியின் முதுகில் வெண்ணிற உவர் மாவைப் போல விரலில் ஒட்டியது. நிலத்திலிருந்து ஏறும் ஈரம் உப்பையும் சேர்த்துக் கொண்டுவருகிறது. சுண்ணாம்புச் சாந்து அந்த ஈரத்தை வெளியே விடக்கூடியது, ஆனால் மேலே ஒட்டிய கடதாசியும் எமல்சனும் அதன் வழியை அடைத்துவிடுகின்றன.

ஐயமிருந்தால், ஓரிடத்தில் கடதாசியை உரித்து, வெறும் சுவரில் 45 சதமமீற்றர் சதுரப் பொலித்தீனை நான்கு ஓரமும் ரேப்பால் அடைத்து ஒரு நாள் விடுங்கள். பொலித்தீனின் உட்புறம் வியர்த்திருந்தால் ஈரம் சுவரிலிருந்தே வருகிறது.

அப்படியானால் முழு உரிப்பைத் தவிர வேறு வழியை நான் பரிந்துரைக்க மாட்டேன், வேலை எத்தனை நாள் இழுத்தாலும். பெயின்ற் நீரை உள்ளே விடாது. ஆகவே சாந்தில் படாதவாறு மேற்பரப்பைக் கீறி, வெந்நீரால் ஊறவைத்து, சுரண்டியைப் படுக்கையாகப் பிடித்துத் தள்ள வேண்டும். நிமிர்த்திப் பிடித்தால் பழைய சாந்து கட்டியாகப் பெயர்ந்துவிடும். உவரைக் கழுவக் கூடாது, ஏனெனில் நீரில் கரைந்து அது மீண்டும் சுவருக்குள் போய்விடும். உலர்ந்த தூரிகையால் துடைத்து அகற்ற வேண்டும்.

நாங்கள் மேற்குச் சுவரைச் சித்திரை வரை காயவிட்டு, சுண்ணாம்பு மட்டுமே அடித்தோம். உள்ளறையில் ஊசியால் ஒட்டிய மூன்று இடங்களும் இன்றுவரை எழவில்லை. அங்கே கடதாசி அப்படியே இருக்கிறது.