விபத்து வார்டுக்குத் தேடி வந்து கையெழுத்து கேட்பவர்களிடம் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள்

சென்னையில் இருப்பவர்கள் தயவுசெய்து இதை முழுவதும் படியுங்கள். என் அண்ணனுக்கு வயது 38, ஏசி மெக்கானிக். ஓ.எம்.ஆரில் பைக்கில் போய்க்கொண்டிருந்தவரைத் தண்ணீர் லாரி இடித்துத் தள்ளியது. கணுக்கால் உடைந்து பிளேட் வைத்தார்கள். ஆபரேஷன் முடிந்த மறுநாளே வார்டுக்குள் ஒரு ஆள் வந்துவிட்டான். வக்கீல் இல்லை, வக்கீலுக்குக் கேஸ் பிடித்துக் கொடுக்கும் புரோக்கர். "அக்கா, நீங்க ஒத்தைப் பைசா எடுக்க வேணாம், ஸ்டேஷன், கோர்ட், இன்சூரன்ஸ் எல்லாம் எங்க பொறுப்பு, வர்ற பணத்துல முப்பது பர்சென்ட் குடுத்தா போதும்" என்று அண்ணியிடம் பேசியிருக்கிறான். கையில் ஒரு கட்டுத் தாள். மேல்பாதியை மடித்துவிட்டு, பென்சிலில் பெருக்கல் குறி போட்ட இடம் மட்டும் தெரிகிற மாதிரி நீட்ட, மயக்கம் முழுசாகத் தெளியாத அண்ணன் படுத்தபடியே எல்லாவற்றிலும் கையெழுத்துப் போட்டிருக்கிறார். வக்காலத்து (நமக்காக வாதாட வக்கீலுக்கு அதிகாரம் தரும் தாள்), வெற்றுத் தாள், பேங்க் கணக்கு தொடங்கும் படிவம் எல்லாம் அதில் இருந்திருக்கிறது. கணக்கு திறந்ததும் செக் புக் வந்தது, அதில் சில தாள்களிலும் கையெழுத்து வாங்கிக்கொண்டான். ஆஸ்பத்திரி பில்களின் ஒரிஜினலும் அவனிடமே போய்விட்டது.

அவன் சொன்ன கணக்கே சட்டப்படி செல்லாது. வழக்கில் கிடைக்கும் தொகையில் இத்தனை சதவீதம் என்று வக்கீல் ஃபீஸ் பேசக்கூடாது, ஆள் வைத்துக் கேஸ் பிடிக்கவும் கூடாது என்று பார் கவுன்சில் ஆஃப் இந்தியாவின் விதிகளிலேயே இருக்கிறது. ஒழுங்கான வக்கீல்கள் ஃபீஸ் இவ்வளவு என்று முன்கூட்டியே சொல்லி, ரசீதும் தருவார்கள். அப்படிப்பட்டவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள், ஆனால் அவர்கள் யாரும் வார்டுக்குத் தேடி வருவதில்லை.

"ஸ்டேஷன் வேலையெல்லாம் நாங்க பாத்துக்கறோம்" என்றானே, அதில் அவனுக்கு ஒரு வேலையும் இல்லை. விபத்து நடந்த 48 மணி நேரத்துக்குள் விசாரணை அதிகாரி முதல் விபத்து அறிக்கையை, இழப்பீட்டை முடிவு செய்யும் விபத்துத் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும் என்று 2022-இல் வந்த விதிகள் சொல்கின்றன. அப்புறம் விரிவான அறிக்கையும் போலீஸே அனுப்ப வேண்டும், அதையே இழப்பீட்டு மனுவாக எடுத்துக்கொள்ளலாம் என்று மோட்டார் வாகனச் சட்டம் 166-ஆம் பிரிவில் இருக்கிறது. நாமே தனியாக மனு போடுவதென்றால் சட்டத்தில் உள்ள கெடு விபத்து நாளிலிருந்து 6 மாதம். அதற்காக ஆஸ்பத்திரிக் கட்டிலில் வைத்தே முடிவெடுக்கும் அவசரம் யாருக்கும் இல்லை. எஃப்.ஐ.ஆர்., ஆஸ்பத்திரியின் ஏ.ஆர். (விபத்துப் பதிவேடு) காப்பி, டிஸ்சார்ஜ் சம்மரி, பில்கள், சம்பளத்துக்கு ஏதாவது அத்தாட்சி, இதையெல்லாம் சேர்த்து வைத்துக்கொண்டு நிதானமாக வக்கீலைத் தேடலாம். சென்னையில் இந்த வழக்குகள் உயர் நீதிமன்ற வளாகத்தில் உள்ள ஸ்மால் காசஸ் கோர்ட்டில் நடக்கின்றன.

இனிமேல்தான் பெரிய அடி. ஒருநாள் அண்ணனைக் கோர்ட்டுக்குக் கூட்டிப்போய் வராண்டாவில் உட்கார வைத்து, "ஜட்ஜ் கேட்டா சம்மதம்னு மட்டும் சொல்லுங்க அண்ணே, வேற எதுவும் பேசிடாதீங்க, கேஸ் கெட்டுடும்" என்றிருக்கிறான். அது மக்கள் நீதிமன்றம், அதாவது இரண்டு தரப்பும் சமரசமாக வழக்கை முடித்துக்கொள்ளும் லோக் அதாலத். நாலரை லட்சத்துக்கு வழக்கை முடித்துவிட்டார்கள். மக்கள் நீதிமன்றம் நல்ல ஏற்பாடுதான், சரியான தொகை என்று தெரிந்து ஒப்புக்கொண்டால் வருடக்கணக்கில் அலைய வேண்டாம். ஆனால் அங்கே சம்மதித்து முடித்ததற்கு அப்பீல் கிடையாது. இதை அண்ணனிடம் யாரும் சொல்லவில்லை.

அதற்கு முன்னால் ஊனம் எத்தனை சதவீதம் என்று கணக்கிட மெடிக்கல் போர்டுக்கு அனுப்பியிருக்க வேண்டும். அனுப்பவே இல்லை. கால் எவ்வளவு கெட்டது என்பதோடு, அதனால் அவர் செய்யும் தொழிலில் வருமானம் எவ்வளவு குறையும் என்பதையும் பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2010-இல் ராஜ்குமார் வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. ஏணி ஏற முடியாத ஏசி மெக்கானிக்குக்கு என்ன வருமானம் வரும்? மாதம் 20,000 ரூபாய், வருமான இழப்பு 20 சதவீதம் என்று தீர்ப்பாயம் ஏற்றுக்கொண்டால், 36 முதல் 40 வயது வரை பெருக்கு எண் (ஒரு வருட இழப்பை வயதுக்கேற்பப் பெருக்கும் எண்) 15 என்பதால் அந்தத் தலைப்பில் மட்டுமே 7,20,000 வரும். வைத்தியச் செலவும் வலிக்கும் வேதனைக்குமான தொகையும் தனி, மனு போட்ட நாளிலிருந்து வட்டியும் உண்டு. இவ்வளவையும் விட்டுக்கொடுத்து நாலரை லட்சம்!

அந்த நாலரை லட்சமாவது முழுசாகக் கைக்கு வந்ததா என்றால் அதுவும் இல்லை. இழப்பீட்டை நேராகப் பாதிக்கப்பட்டவரின் பேங்க் கணக்கிலேயே போட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2025 மார்ச்சில் உத்தரவிட்டது. பணம் அண்ணன் கணக்குக்குத்தான் வந்தது. வந்த வேகத்தில், அவன் வைத்திருந்த செக்குகளில் முப்பது சதவீதம் 1,35,000, "கோர்ட் செலவு" என்று 90,000, இரண்டும் போய்விட்டன. மிச்சம் 2,25,000. ஆஸ்பத்திரிக்கு வாங்கிய கடனுக்கே அது பற்றவில்லை, அண்ணியின் வளையல் இன்னும் அடகில் இருக்கிறது. கேட்டதற்கு "கையெழுத்துப் போட்டது நீங்கதானே" என்று போனை வைத்துவிட்டான், அந்த வக்கீலின் முகத்தை நாங்கள் இதுவரை பார்த்ததே இல்லை. எனக்கு ஆத்திரம் அடங்கவில்லை.

வக்காலத்தில் இருந்த வக்கீல் பெயரைக் கண்டுபிடித்து மாநில பார் கவுன்சிலில் புகார் கொடுத்திருக்கிறோம். மக்கள் நீதிமன்றத் தீர்வை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மட்டும்தான் போட முடியும், அதற்கும் ஒரு வக்கீலிடம் ஆலோசித்து வருகிறோம். காசில்லை என்பதற்காகப் புரோக்கரிடம் போகாதீர்கள். உயர் நீதிமன்ற வளாகத்திலேயே மாநில சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கிறது, 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தும் கேட்கலாம். பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச வக்கீல் உண்டு.

ஏற்கனவே இப்படி யாரிடமாவது கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தால், முதலில் எம்.சி.ஓ.பி. நம்பரை, அதாவது உங்கள் இழப்பீட்டு வழக்கின் எண்ணைக் கேளுங்கள். தர மறுத்தாலும் இ-கோர்ட்ஸ் தளத்தில் பெயரைப் போட்டுத் தேடலாம், அடுத்த வாய்தா எப்போது என்பது தெரிந்துவிடும். வழக்கு நடுவில் வக்கீலை மாற்றிக்கொள்ள உங்களுக்கு உரிமை இருக்கிறது. வெற்றுச் செக் கொடுத்திருந்தால் பேங்க்குக்கு இன்றைக்கே போய், அந்தச் செக் நம்பர்களை எழுதிக் கொடுத்து நிறுத்தச் சொல்லுங்கள்.