தோற்றவர் புரூனர், வென்றவர் டிரைஃபஸ்

1993 மார்ச் 3. சுவிஸ் சமூக ஜனநாயகக் கட்சி அமைச்சரவைக்கு நிறுத்தியது கிறிஸ்டியான் புரூனர் என்ற பெண்ணை. நாடாளுமன்றமோ அதே கட்சியின் பிரான்சிஸ் மத்தே என்ற ஆணைத் தேர்ந்தெடுத்தது. பெர்ன் தெருக்களில் பெண்கள் கொதித்தெழ, ஒரே வாரத்தில் மத்தே பதவி வேண்டாமென்றார். மார்ச் 10 அன்று மூன்றாவது சுற்றில் அதே கட்சியின் இன்னொரு பெண், ரூத் டிரைஃபஸ் வென்றார். புரூனர், டிரைஃபஸ் இருவர் சட்டையிலும் அன்று ஒரே மாதிரி சூரிய வடிவ ப்ரூச் (அலங்கார ஊசி)!

இருவருமே தொழிற்சங்கத்திலிருந்து வந்தவர்கள். போன வழிதான் வேறு. புரூனர் களத்து ஆள். 1991 ஜூன் 14 பெண்கள் வேலைநிறுத்தத்தை முன்னின்று நடத்தியவர். அப்புறம் மேலவை உறுப்பினர், கட்சித் தலைவர் என்று போனாரே தவிர, அமைச்சர் நாற்காலி மட்டும் கிடைக்கவில்லை.

டிரைஃபஸ் கோப்புகளோடு மல்லுக்கட்டியவர். கட்டாய மருத்துவக் காப்பீட்டுச் சட்டம் 1996-ல் அமலானது அவர் பொறுப்பில்தான். 1999-ல் நாட்டின் முதல் பெண் அதிபர். ஆனால் அதே ஆண்டு மகப்பேறு காப்பீட்டை மக்கள் வாக்கெடுப்பில் தோற்கடித்தார்கள். அது வந்தது 2005-ல், அவர் பதவி விலகிய பிறகு.

யார் பெரியவர்? என் ஓட்டு புரூனருக்கு. அவர் தோற்காமல் டிரைஃபஸுக்குக் கதவு திறந்திருக்காது.