ஓசூர் குளிருக்கு ரோஜாவா, சாமந்தியா?

ஓசூர், தளி, தேன்கனிக்கோட்டைப் பக்கம் பூச்செடி வாங்குகிறவர்கள் கேட்கும் முதல் கேள்வி, "குளிர் தாங்குமா?" கடல் மட்டத்திலிருந்து சுமார் 900 மீட்டர் உயரம் என்பதால் மார்கழி இரவில் நன்றாகவே குளிரும். ஆனால் ரோஜாவும் சாமந்தியும் அதில் சாகாது. அந்தக் குளிரில் எது ஒழுங்காகப் பூக்கும் என்பதைத்தான் பார்க்க வேண்டும். ஆன்லைனில் படத்தைக் காட்டி விற்கும் பியோனி என்ற குளிர்நாட்டுப் பூச்செடியின் கிழங்கு வேண்டாம். அது மொட்டு வைக்க வாரக்கணக்கில் கடுங்குளிர் வேண்டும், நம் குளிர் அதற்குப் போதாது.

ரோஜா வருஷக்கணக்கில் நிற்கும், கவாத்து செய்தால் சுற்றுச் சுற்றாகப் பூக்கும். அக்டோபரில் 50 செ.மீ. உயரம் விட்டு, வெளிப்பக்கம் பார்த்த மொட்டுக்குச் சற்று மேலே சாய்வாக வெட்டுங்கள். ஏறக்குறைய 45 நாளில் பூ வரும். வில்லங்கம் சாம்பல் நோய்தான். இரவில் குளிர்ந்த ஈரக்காற்று, பகலில் காய்ந்த வெயில் என்றால் அதற்குக் கொண்டாட்டம். செம்பு நிறத் தளிர் சுருண்டு, மேலே மாவு தூவியதுபோல் வெளுக்கும். அந்தக் கட்டத்திலேயே லிட்டர் தண்ணீருக்கு 2 கிராம் நனையும் கந்தகத் தூளை (wettable sulphur) கலந்து, இலையின் அடியும் நனைய, வெயில் தாழ்ந்தபின் தெளியுங்கள். உச்சி வெயிலில் அடித்தால் இலை கருகும். ஒட்டுக் கட்டிய இடத்துக்குக் கீழே கிளம்பும் போத்தை (அடித்தண்டின் தளிரை) வெட்டாமல் பிய்த்தெடுங்கள். வெட்டினால் மறுபடி துளிர்க்கும்.

சாமந்திக்குச் செலவு குறைவு, வேலை அதிகம். ஜூன், ஜூலையில் வேர்பிடித்த கன்றை 30 செ.மீ. இடைவெளியில், மேட்டுப்பாத்தியில் நடுங்கள். தண்ணீர் தேங்கினால் வேர் அழுகிவிடும். நாலு வாரத்தில் நுனி கிள்ளினால்தான் பக்கக் கிளை வரும். செடி தளதளவென்று இருந்தும் டிசம்பரில் மொட்டே காணோமா? உரத்தைக் குறை சொல்லாமல் வாசல் விளக்கைப் பாருங்கள். இரவு நீண்டால்தான் சாமந்தி மொட்டு வைக்கும். தெருவிளக்கு வெளிச்சமே அதைக் கெடுக்கும். பூ ஓய்ந்ததும் தரையோடு அறுத்து, பக்கக் கன்றுகளைப் பிரித்து நடாவிட்டால் அடுத்த வருஷம் பூ சிறுத்துப்போகும்.

விளக்கடி வாசல் என்றால் ரோஜா. பின்கட்டில் இரவில் இருட்டாகவும் பகலில் வெயில் படும்படியும் பாத்தி இருந்தால் என் ஓட்டு சாமந்திக்கே: குளிர் மாதத்தில் அந்த விலைக்கு அவ்வளவு பூ ரோஜா தராது.

கனகாம்பரம் தர்மபுரிச் சமவெளிக்குச் சரி. ஓசூர்க் குளிரில் பூ குறைந்துவிடும். ஜெர்பராவைத் தொட்டியில் வைக்கலாம், குருத்து மண்ணில் புதையாமல் ஒரு விரல்கடை மேலே நிற்கட்டும்.